ஏக்கர் என்ன விலை?

உத்திரமேரூர் என்றால் எல்லோருக்கும் குடவோலைதான் நினைவுக்கு வரும். பராந்தக சோழன் காலத்தில், கி.பி. 919-லும் 921-லும் வெட்டிய தேர்தல் விதிகள் பள்ளிப் பாடத்திலேயே வந்துவிடுகின்றன. ஊர்ச்சபையின் வாரியத்துக்கு யார் தகுதியானவர் என்று சொல்லத் தொடங்கும்போது, அந்தக் கல்வெட்டு முதலில் கேட்பது நிலத்தை. கால் வேலிக்கு மேல் வரி கட்டும் நிலம் வேண்டும், சொந்த மனையில் வீடு இருக்க வேண்டும். படிப்பு, வயது, நடத்தை எல்லாம் அதற்குப் பிறகுதான். கோயில் சுவர்களில் உள்ள மற்றக் கல்வெட்டுகளையும் சேர்த்துப் பார்த்தால், ஊரே நிலக் கணக்கில் மூழ்கிக் கிடந்தது தெரியும். இன்ன வதிக்கு மேற்கே, இன்ன வாய்க்காலுக்குத் தெற்கே, இத்தனையாம் கண்ணாறு, இத்தனையாம் சதுக்கம் என்று ஒவ்வொரு துண்டுக்கும் துல்லியமான முகவரி இருந்தது. இன்றைய சர்வே எண்ணுக்கு இது கொஞ்சமும் குறைந்ததில்லை.

சோழர் கால நில விற்பனை ஆவணங்களில் அடிக்கடி வரும் ஒரு கருத்து, விற்பவரும் வாங்குபவரும் தமக்குள் இசைந்த விலை என்பது. இரண்டு பேர் இசைந்தால் விலை பிறக்கிறது. ஆனால் ஒருவர் இசையவே இல்லை, மற்றவரோ அரசாங்கம் என்றால், விலையைச் சொல்வது யார்? இந்தக் கேள்வி பல நாடுகளைச் சுற்றி, கப்பலேறி, ரயிலேறி, 2018-ல் அளவைக்கல்லாக உத்திரமேரூர் வட்டத்து வயல்களுக்கே வந்து சேர்ந்தது. அது வந்த வழி சுவையானது.

விலை சொல்வதற்கு முன் அளக்க வேண்டும். ராஜராஜன் ஒருமுறை நாட்டை அளந்தான். முதலாம் குலோத்துங்கன் 1086-ல் மறுபடி அளந்தான். அதே 1086-ல் இங்கிலாந்தில் மன்னர் வில்லியம் தன் நாட்டின் நிலம், ஏர், மாடு எல்லாவற்றையும் கணக்கெடுத்து டூம்ஸ்டே புத்தகத்தை எழுத வைத்துக்கொண்டிருந்தார். ஒருவரை ஒருவர் கேள்விப்பட்டே இராத இரண்டு அரசர்கள் ஒரே ஆண்டில் ஒரே வேலையில் இறங்கியிருக்கிறார்கள். இருவருக்கும் நோக்கம் வரிதான்.

எடுத்தால் காசு கொடு என்ற எண்ணம் எழுத்தில் வந்த பழைய இடங்களில் ஒன்று 1215-ன் மாக்னா கார்ட்டா. அரசு அதிகாரி யாருடைய தானியத்தையும் உடனே பணம் கொடுக்காமல் எடுக்கக் கூடாது என்றது அதன் ஒரு விதி. கவனியுங்கள், காப்பாற்றப்பட்டது தானியம், நிலம் அல்ல. நிலத்துக்கான வாதத்தைக் கட்டி எழுப்பியவர்களில் முக்கியமானவர் ஹ்யூகோ குரோஷியஸ் என்ற டச்சு வழக்கறிஞர். டச்சு கிழக்கிந்தியக் கம்பெனிக்காக வாதாடி எழுதியவர். 1621-ல் சிறைக்கோட்டையிலிருந்து ஒரு புத்தகப் பெட்டிக்குள் ஒளிந்து தப்பி, பாரிஸ் போய்ச் சேர்ந்தார். 1625-ல் அங்கே வெளியிட்ட பெரிய நூலில், பொதுநன்மைக்காகக் குடிமகனின் சொத்தை அரசு எடுக்கலாம், ஆனால் பொதுப்பணத்திலிருந்து அதை ஈடுகட்ட வேண்டும் என்றார். உலகத்தின் நில எடுப்புச் சட்டங்கள் பெரும்பாலும் இந்த இரட்டை வாக்கியத்தின் வாரிசுகளே. அவர் யாருக்காக வாதாடினாரோ அதே கம்பெனி அந்த நாட்களில் நம் பழவேற்காட்டில் கெல்ட்ரியா கோட்டையைக் கட்டி, சோழமண்டலத் துணியை வாங்கிக் கப்பலில் ஏற்றிக்கொண்டிருந்தது.

1789-ல் பிரெஞ்சுப் புரட்சியின் உரிமைப் பிரகடனம், நியாயமான ஈட்டை முன்கூட்டியே கொடுத்தால் ஒழிய யார் சொத்தையும் பறிக்கக் கூடாது என்றது. 1791-ல் அமெரிக்க அரசியலமைப்பின் ஐந்தாவது திருத்தம் கிட்டத்தட்ட அதையே சொன்னது. எவ்வளவு, யார் கணக்கிடுவது என்று இரண்டுமே சொல்லவில்லை.

இதற்குள் உத்திரமேரூரில் ஆட்சி மாறிவிட்டது. 1763-ல் ஆற்காடு நவாப் முகமது அலி, உத்திரமேரூர் அடங்கிய செங்கல்பட்டுச் சீமையை ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக, அதாவது வரி வசூல் உரிமையோடு, எழுதிக் கொடுத்தார். கம்பெனிக்கு உடனே ஒரு சந்தேகம்: இங்கே என்னதான் விளைகிறது? 1767 முதல் 1774 வரை தாமஸ் பார்னார்டு என்ற பொறியாளர் ஜாகீரின் ஊர் ஊராகக் கணக்கெடுத்தார். அந்தக் கணக்குகள்தான் எனக்கு இந்தக் கதையின் மையம். களத்தில் நெல் குவிந்ததும் அது நேராக உடையவர் வீட்டுக்குப் போகவில்லை. கோயில், கொல்லர், தச்சர், வண்ணார், நாவிதர், வெட்டியார், கணக்குப்பிள்ளை என்று ஒவ்வொருவருக்கும் சுதந்திரம், மேரை என்ற பெயரில் பங்கு பிரிந்தது. ஒரே வயலில் பத்துப் பேருக்குப் பாத்தியதை இருந்தது.

சென்னைக் கலெக்டர் எல்லிஸ், திருக்குறளின் ஒரு பகுதியை மொழிபெயர்த்த அதே எல்லிஸ், மிராசு என்ற பரம்பரை நில உரிமை பற்றிய பதினேழு கேள்விகளுக்கு எழுதிய விளக்கமான பதில் 1818-ல் வெளிவந்தது. அந்த உரிமையுள்ள காணியாட்சிக்காரர் யார், ஊரிலேயே குடியிருந்து பயிரிடும் உள்குடி பாயக்காரி யார், வெளியூரிலிருந்து வந்து பயிரிடும் புறகுடி பாயக்காரி யார், யாரை வெளியேற்றலாம், யாரைக் கூடாது என்றெல்லாம் அதில் அலசினார். வரி வசூலுக்காக எழுந்த விசாரணைதான். ஆனால் யார் பெயர் ஏட்டில் ஏறுகிறதோ அவருக்கே பின்னால் இழப்பீடு கிடைக்கும் என்பதால், அந்தப் பழைய ஏடுகளின் நிழல் இன்றைய பட்டா வரை நீள்கிறது. பயிரிட்டவருக்கும் உழைத்தவருக்கும் இருந்த பங்கு கொஞ்சம் கொஞ்சமாக எழுத்திலிருந்து நழுவியது. 1891-ல் செங்கல்பட்டு மாவட்டக் கலெக்டர் பொறுப்பில் இருந்த ட்ரெமன்ஹீர், இந்த மாவட்டத்துப் பட்டியல் சாதி மக்களின் நிலைபற்றி எழுதிய அறிக்கையிலிருந்துதான் அவர்களுக்கென நிலம் ஒதுக்கும் பஞ்சமி நிலம் என்ற ஏற்பாடே பிறந்தது. நிலமில்லாதவர்கள் அதுவரை இந்த ஏடுகளில் எந்த அளவுக்கு இல்லாமல் போயிருந்தார்கள் என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டாம்.

சட்டமாக முதலில் வந்தது 1824-ன் வங்காள ஒழுங்குமுறை. சாலை, கால்வாய் போன்றவற்றுக்கு நிலம் வேண்டியிருந்தது. 1839-ல் பம்பாய் அதைப் பின்பற்றியது. 1852-ல் சென்னை மாகாணத்துக்குத் தனிச் சட்டம் வந்தது, அடுத்த ஆண்டே ரயில்பாதை வேலை தொடங்கியது. 1856 ஜூலை 1-ல் ராயபுரத்திலிருந்து ஆற்காட்டை நோக்கிப் புறப்பட்ட முதல் பயணி ரயில், சட்டத்தால் எடுத்த நிலத்தின்மேல் ஓடியது என்பதை அதில் ஏறியவர்களில் எத்தனை பேர் நினைத்திருப்பார்கள்!

1857-ல் நாடு முழுவதற்கும் ஒரே சட்டமாக்கி, விலையில் தகராறு வந்தால் மத்தியஸ்தர்கள் தீர்ப்பார்கள் என்று வைத்தார்கள். மத்தியஸ்தர்கள் திறமையில்லாதவர்கள், சிலர் கைநீட்டுகிறார்கள் என்று அரசே புலம்பியது. 1870-ல் அவர்களை விட்டுவிட்டு, வழக்கு நீதிமன்றத்துக்குப் போகட்டும் என்று மாற்றினார்கள். அதோடு, விருப்பமில்லாமல் பறிகொடுப்பவருக்குச் சந்தை விலைக்கு மேல் நூற்றுக்கு 15 ஆறுதல் தொகை என்றும் சேர்த்தார்கள். இந்தப் பழக்கம் இங்கிலாந்திலிருந்து வந்தது. 1845-ல் அங்கே ரயில் கம்பெனிகளுக்காக நில எடுப்புச் சட்டம் வந்தபின், விலைக்கு மேல் பத்து விழுக்காடு சேர்ப்பது வழக்கமாகியிருந்தது. அந்தப் பத்து எந்தச் சட்டத்திலும் எழுதியதில்லை, நடுவர்கள் கொடுத்துக் கொடுத்து நிலைத்துப்போனது. 1919-ல் இங்கிலாந்து அதை வெட்டி எறிந்தது. இந்தியாவோ 1894-ன் புதிய நில எடுப்புச் சட்டத்திலும் ஆறுதல் தொகையைத் தொடர்ந்து, 1984-ல் 30 ஆக்கி, 2013-ல் 100 ஆக்கியது. மூலத்தை அழித்துவிட்டார்கள், நகல் இங்கே வளர்ந்து நிற்கிறது.

1894 சட்டம் ஊர்விட்டு ஊர் போனது இன்னும் வியப்பு. மொம்பாசாவிலிருந்து உகாண்டாவை நோக்கி ரயில்பாதை போட்டபோது, இந்தியத் தொழிலாளிகளோடு இந்திய நில எடுப்புச் சட்டமும் கிழக்கு ஆப்பிரிக்காவுக்குப் போனது. மலாயாவிலும் சிங்கப்பூரிலும் அதே வார்ப்பில் சட்டங்கள் எழுந்தன. சிங்கப்பூர் 1966-ல் தன் சட்டத்தை இறுக்கிக்கொண்டு, பின்னால் திருத்தி, 1973 நவம்பர் 30-ன் விலைக்கு மேல் கொடுக்கத் தேவையில்லை என்று ஒரு தேதியில் விலையை நிறுத்தியும் வைத்தது. அந்த நாட்டின் வீட்டுவசதிக் குடியிருப்புகள் பல இப்படி எடுத்த நிலத்தில் எழுந்தவை.

விலை என்றால் என்ன என்பதற்கு இன்றும் உலகம் மேற்கோள் காட்டும் தீர்ப்பு சென்னை மாகாணத்தில் பிறந்தது. 1928-ல் விசாகப்பட்டினத் துறைமுகப் பகுதியில் மலேரியாத் தடுப்பு வேலைக்காக ஒரு நிலத்தை எடுத்தார்கள். உரிமையாளர் வைரிச்சர்ல நாராயண கஜபதி ராஜு. அந்த நிலத்தில் நல்ல தண்ணீர் ஊற்று ஒன்று இருந்தது. அரசுத் தரப்பின் வாதம் இப்படிப் போனது: ஊற்றுநீரை வாங்கக்கூடியவர் துறைமுக நிர்வாகம் ஒன்றுதான், வேறு போட்டி இல்லை, போட்டி இல்லாத பொருளுக்குச் சந்தை விலை ஏது? வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. 1939-ல் தீர்ப்பு: வாங்க ஒரே ஒருவர்தான் இருந்தாலும், அவரே நிலத்தை எடுப்பவராக இருந்தாலும், நிலத்தில் உறங்கும் வாய்ப்புக்கு விலை உண்டு. விரும்பி விற்பவரும் விரும்பி வாங்குபவரும் பேசினால் எந்த விலையில் முடியுமோ அதையே கற்பனை செய்துபார்க்க வேண்டும்.

எட்டு ஆண்டு கழித்து, 1947-ல், அதே பிரிவி கவுன்சிலுக்கு டிரினிடாட்டிலிருந்து ஒரு கல் குவாரி வழக்கு வந்தது. அமெரிக்கக் கடற்படைத் தளத்துக்காகக் குவாரி நிலத்தை எடுத்தார்கள். தளம் கட்டுவதாலேயே கல்லுக்குக் கிராக்கி கூடியது, அதற்கும் சேர்த்து விலை வேண்டும் என்றார்கள் உடைமையாளர்கள். நீதிமன்றம் மறுத்தது. திட்டமே உண்டாக்கிய விலையேற்றத்தைத் திட்டத்திடமே கேட்க முடியாது என்றது. விமான நிலையம் வருகிறது என்ற அறிவிப்புக்குப் பிறகு பக்கத்து ஊரில் மனை விலை எகிறும்போது, நிலம் கொடுக்கும் விவசாயி மட்டும் பழைய விலையில் நிற்க நேர்வதன் வேர் இங்கே இருக்கிறது. எனக்கு இது நியாயமாகப் படவில்லை. வேலிக்கு இந்தப் பக்கம் இருப்பவர் இழக்கிறார், அந்தப் பக்கம் இருப்பவர் அதே திட்டத்தால் செல்வந்தராகிறார். இருவரையும் பிரிப்பது வரைபடத்தில் ஓர் அதிகாரி இழுத்த கோடு மட்டுமே.

விடுதலைக்குப் பிறகு கேள்வி அரசியலமைப்புக்குள் நுழைந்தது. 1953-ல் பேலா பானர்ஜி வழக்கில் உச்ச நீதிமன்றம், இழப்பீடு என்றால் இழந்ததற்குச் சரியீடு என்றது. அரசு 1955-ல் அரசியலமைப்பையே திருத்தியது. 1961-ல் சென்னை மாநிலம் வீட்டுவசதித் திட்டங்களுக்காக மட்டும் ஒரு தனித் திருத்தம் கொண்டுவந்தது. அறிவிப்பு நாள் விலை, முந்தைய ஐந்து ஆண்டுச் சராசரி, இரண்டில் குறைந்தது எதுவோ அதைக் கொடுக்கலாம், ஆறுதல் தொகையும் 15-க்குப் பதில் 5. பள்ளிக்கூடத்துக்கு எடுத்தால் ஒரு விலை, வீட்டுக்கு எடுத்தால் வேறு விலை என்பது எப்படிச் சமம் என்று கேட்டு வஜ்ரவேலு முதலியார் தொடுத்த வழக்கில், 1964 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அந்தத் திருத்தத்தைத் தள்ளியது. பிறகு 1971-ல் இழப்பீடு என்ற சொல்லையே எடுத்துவிட்டு வெறும் தொகை என்றார்கள். 1978-ல் சொத்துரிமை அடிப்படை உரிமைப் பட்டியலிலிருந்தே இறங்கியது.

1990-களில் ஸ்ரீபெரும்புதூர், இருங்காட்டுக்கோட்டை, பிறகு ஒரகடம் என்று காஞ்சிபுரம் மாவட்டத்து ஏரிப்பாசன ஊர்கள் சிப்காட் தொழிற்பேட்டைகள் ஆயின. நெடுஞ்சாலைக்கு எடுப்பது வேறு சட்டம். 1997-ன் திருத்தம் அதில் ஆறுதல் தொகையே இல்லாமல் செய்துவிட்டது. ஒரே ஊரில், ஒரே மண்ணில், எந்தச் சட்டத்தில் எடுக்கிறார்கள் என்பதைப் பொறுத்து விலை மாறியது. வஜ்ரவேலு முதலியார் கேட்ட அதே கேள்வியை வேறொருவர் கேட்டு, 2019-ல் உச்ச நீதிமன்றம் இதையும் ரத்து செய்தது.

மேற்கு வங்கத்தின் நந்திகிராமம், சிங்கூர் நில எடுப்புக் கொந்தளிப்புகளுக்குப் பின் வந்த 2013-ன் நில எடுப்புச் சட்டம் 2014 ஜனவரி 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதன் கணக்கைக் கிட்டத்தில் பார்ப்போம். ஓர் ஊரில் கடந்த மூன்று ஆண்டுகளில் உங்கள் நிலம் போன்ற நஞ்சைக்குப் பத்துக் கிரயப் பத்திரங்கள் பதிவாகியிருப்பதாக வைத்துக்கொள்வோம். ஏக்கருக்கு 4, 5, 5, 6, 7, 8, 9, 10, 12, 16 லட்சம். இதில் விலை கூடிய பாதியை, அதாவது கடைசி ஐந்தை, எடுத்துச் சராசரி போட்டால் 11 லட்சம். பத்திரப் பதிவுக்காக அரசு வைத்திருக்கும் கைடுலைன் வேல்யூ 9 லட்சம் என்றால், எது அதிகமோ அது, ஆகவே 11. கிராமப்புறம் என்பதால் 1-லிருந்து 2-க்குள் ஒரு பெருக்கு எண் உண்டு. 1.25 என்றால் 13.75 லட்சம். கிணறு, போர், தென்னை, புளி, நிற்கும் பயிர் இவற்றைத் துறை அதிகாரிகள் தனியே மதிப்பிட்டுச் சேர்ப்பார்கள். எல்லாவற்றுக்கும் சமமாக இன்னொரு பங்கு ஆறுதல் தொகை. மரமும் கிணறும் இல்லாத வெற்று நிலத்துக்கு 27.5 லட்சம். நாள் கடந்தால் சந்தை மதிப்பின்மேல் ஆண்டுக்கு 12 விழுக்காடு கூடுதல்.

கணக்கில் குறை சொல்ல முடியாது. குறை அந்தப் பத்துப் பத்திரங்களில் இருக்கிறது. முத்திரைத் தீர்வை 7 விழுக்காடு, பதிவுக் கட்டணம் வேறு. அதை மிச்சம் பிடிக்க, உண்மையில் கைமாறிய பணத்தை எழுதாமல் கைடுலைன் வேல்யூவை ஒட்டியே பத்திரம் எழுதுவது ஊர் வழக்கம். எழுதியவர் விற்றுவிட்டுப் போய்விடுவார். அவர் குறைத்து எழுதிய தொகை, பல மாதம் கழித்து, பத்திரமே எழுதாத பக்கத்து வயல்காரரின் விலைக்குச் சாட்சியாக வந்து நிற்கும். இசைந்த விலை என்று ஒரு காலத்தில் கல்லில் வெட்டிய ஊரில், இப்போது யாரும் இசையாத ஒரு தொகை காகிதத்தில் ஆட்சி செய்கிறது.

2017 ஜூன் 9 முதல் தமிழக அரசு கைடுலைன் வேல்யூவை 33 விழுக்காடு குறைத்தது. மனை வாங்குவோருக்கு அது நல்ல செய்தி. அடுத்த ஆண்டு சென்னை–சேலம் எட்டுவழிச் சாலைக்காக உத்திரமேரூர் வட்டம் உட்பட வழியெங்கும் கல் நட்டார்கள். நிலத்தின் அதிகாரபூர்வ மதிப்பு மூன்றில் ஒரு பங்கு குறைந்திருந்த நேரத்தில் அது நடந்தது. எடுப்பு முடியும் முன்பே வருவாய்ப் பதிவேட்டில் பெயர் மாற்றியும் விட்டார்கள். 2019 ஏப்ரல் 8-ல் சென்னை உயர் நீதிமன்றம் நில எடுப்பை ரத்து செய்தது. 2020 டிசம்பர் 8-ல் உச்ச நீதிமன்றம் திட்ட அறிவிப்பை ஏற்றாலும், பதிவேட்டில் செய்த பெயர் மாற்றத்தை ஏற்கவில்லை.

இன்று காஞ்சிபுரம் மாவட்டத்தில் எல்லோர் வாயிலும் இருப்பது பரந்தூர். 2022-ல் அறிவித்த விமான நிலையத்துக்கு ஐயாயிரம் ஏக்கருக்கு மேல் தேவை. எடுப்பது தமிழகத்தின் 1997 தொழில்நோக்க நில எடுப்புச் சட்டத்தில். இங்கே ஒரு நுணுக்கம் இருக்கிறது. 2013 சட்டத்தின் இழப்பீட்டுக் கணக்கு இதற்கும் பொருந்தும், ஆனால் சமூகத் தாக்க ஆய்வும் சம்மதம் கேட்கும் கட்டாயமும் பொருந்தா. சென்னை உயர் நீதிமன்றம் 2019-ல் தள்ளிய இந்த ஏற்பாட்டை, சட்டமன்றம் மறுபடி உயிர்ப்பித்து, 2021 ஜூன் 29-ல் உச்ச நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது. அதனால்தான் நிலம் கேட்கப்படும் ஊர்களில் ஒன்றான ஏகனாபுரத்தின் கிராமசபை தீர்மானத்துக்குமேல் தீர்மானம் போட்டும் அது கணக்கில் ஏறுவதில்லை. 2025-ல் விருப்பமுள்ளவர்களிடம் பேசி, பத்திரப் பதிவும் தொடங்கியது. கொடுத்தவர்களும் உண்டு, முடியாது என்று உட்கார்ந்திருப்பவர்களும் உண்டு. கொடுக்கவே மாட்டேன் என்பவருக்கு எவ்வளவு என்ற கேள்வியே அர்த்தமில்லை. விரும்பி விற்பவர் என்ற 1939-ன் கற்பனை அவர் வீட்டுத் திண்ணையில் பொருந்துவதில்லை.

இன்னொரு கூட்டம் பேரத்துக்கே அழைக்கப்படுவதில்லை. குத்தகைக்கு உழுபவர், வாரத்துக்குப் பயிரிடுபவர், நாற்று நடும் பெண்கள். பார்னார்டின் கணக்கில் களத்துமேட்டில் பங்கு வாங்கியவர்களின் வழிவந்தவர்கள் இவர்கள். 2013 சட்டம் இவர்களையும் பாதிக்கப்பட்ட குடும்பம் என்று ஏற்கிறது. எடுப்புக்கு முன் மூன்று ஆண்டு அந்த நிலத்தை நம்பி வாழ்ந்திருக்க வேண்டும் என்பது நிபந்தனை. அப்படியிருந்தால் வேலை, அல்லது ஒரே தவணையில் 5 லட்சம், அல்லது மாதம் 2,000 ரூபாய்க்குக் குறையாமல் 20 ஆண்டு. ஆனால் மூன்று ஆண்டை எதைக் காட்டி நிரூபிப்பது? குத்தகை பெரும்பாலும் வாய்ப்பேச்சு. பட்டாவில் உடையவர் பெயர், சிட்டாவில் உடையவர் பெயர், அடங்கலில் பயிரின் பெயர். குத்தகைதாரர் உரிமையைப் பதிவுசெய்ய 1969-லேயே தமிழகத்தில் தனிச் சட்டம் வந்துவிட்டது. ஆனாலும் குத்தகை எழுத்தில் ஏறினால் நிலம் கைவிட்டுப் போகும் என்று உடையவர் அஞ்சுகிறார், உடையவர் கோபித்துக்கொண்டால் அடுத்த போகத்துக்கு வயலே கிடைக்காது என்று உழுபவர் அஞ்சுகிறார். நில எடுப்புத் தனித் தாசில்தார் ஊருக்கு வந்து விசாரணை நடத்தும் நாளில் குத்தகைப் பதிவேட்டைத் திறந்தால், உழுதவரின் பெயர் அதில் இருப்பதில்லை.